பின்சக்கர சஸ்பென்ஷன் ஆர்ம்கள்: தேய்மானத்தைக் கண்டறிந்து மாற்றுவதற்கான முழுமையான வழிகாட்டி

காவிரி டெல்டாவில் ஓடும் வண்டியின் பின்பக்கக் குறை முதலில் தெரிவது மதகுப் பாலங்களில்தான். வாய்க்காலுக்கு வாய்க்கால் சாலை ஏறி இறங்குகிறது. பாலத்தின் காங்கிரீட்டுக்கும் தார்ச்சாலைக்கும் நடுவே மண் அமுங்கி, அங்கே ஒரு படி விழுந்திருக்கும். அந்தப் படியில் பின்சக்கரம் இறங்கும்போது ‘டொம்’ என்று அடிவயிற்றிலிருந்து ஓர் ஓசை எழுந்தால், பெரும்பாலோர் உடனே ஷாக் அப்சார்பரை மாற்றிவிடுகிறார்கள். பல வண்டிகளில் பணம் போனபிறகும் ஓசை போவதில்லை. ஏனென்றால் தேய்ந்தது ஷாக் அல்ல, ஆக்சிலைச் சேசிஸுடன் பிணைக்கும் இரும்புக் கைகளான ஆர்ம்களின் முனையிலுள்ள ரப்பர் புஷ், அதாவது ஒன்றுக்குள் ஒன்றான இரு இரும்புக் குழாய்களுக்கு நடுவே ரப்பர் வைத்த உருளை.

ஆர்மைக் கழற்றி மாட்டுவது கடினமான வேலையன்று. புதிதாகச் செய்பவர்கள் தடுமாறுவது இரண்டே இடங்களில்: துருவேறிப் பிடித்துக்கொண்ட போல்ட்டை எடுக்கும்போது ஒருமுறை, கடைசியாக இறுக்கும்போது ஒருமுறை. முன்னது நேரத்தைத் தின்னும். பின்னது, செய்த வேலை முழுவதையும் சில மாதங்களில் வீணாக்கிவிடும். இந்த வழிகாட்டி அவ்விரண்டிலும் கூடுதல் நேரம் நிற்கும்.

1. உங்கள் வண்டியில் எந்த ஆர்ம்கள் உள்ளன

பின்னால் ஒரே ஆக்சிலும் காயில் ஸ்பிரிங்கும் கொண்ட டொயோட்டா இன்னோவா போன்ற வண்டியை வைத்தே கீழ்க்காணும் படிகள் எழுதப்பட்டுள்ளன. இதில் ஐந்து உறுப்புகள் உண்டு. கீழே இரண்டு நீள ஆர்ம்கள் ஆக்சில் முன்னும் பின்னும் நகராமல் தாங்குகின்றன. மேலே உள்ள இரண்டு குட்டை ஆர்ம்கள், ஆக்சிலேட்டர் கொடுக்கும்போதும் பிரேக் பிடிக்கும்போதும் ஆக்சில் தன்னைத்தானே சுழற்றிக்கொள்ளாமல் தடுக்கின்றன. ஆக்சிலின் ஒரு முனையிலிருந்து சேசிஸின் எதிர்ப்பக்கத்துக்குக் குறுக்காகச் செல்லும் கம்பி, பக்கவாட்டு நகர்வைத் தடுக்கிறது. பழைய ஸ்கார்ப்பியோவிலும் மாருதி ஈக்கோவிலும் எண்ணிக்கையும் அமைப்பும் மாறினாலும் கொள்கை இதுவே.

பொலேரோ, ஆம்னி ஆகியவற்றில் பின்னால் பட்டை ஸ்பிரிங் இருப்பதால் ஆர்ம் என்ற பேச்சே இல்லை. ஸ்விஃப்ட், டிசையர், ஐ20 போன்றவற்றில் இரு சக்கரங்களையும் இணைக்கும் ஒரே முறுக்குச் சட்டமும் அதன் முன்முனைகளில் இரண்டு பெரிய புஷ்களும் மட்டுமே உள்ளன. அவற்றுக்குச் சோதனை முறையும் இறுதி இறுக்க விதியும் பொருந்தும், கழற்றும் முறை பொருந்தாது. எக்ஸ்யூவி500 போல ஒவ்வொரு பின்சக்கரமும் தனித்தனியாக இயங்கும் வண்டிகளுக்கான எச்சரிக்கைகள் 12ஆம் பகுதியில் உள்ளன.

2. ஆர்மைச் சந்தேகிக்கும் முன் விலக்க வேண்டியவை

செலவில்லாதவற்றை முதலில் பார்க்க வேண்டும். வண்டிக்கு அடியில் தொங்கும் ஸ்டெப்னியைக் கையால் குலுக்குங்கள். சங்கிலி தளர்ந்த ஸ்டெப்னி, தேய்ந்த புஷ் எழுப்பும் அதே ஓசையை எழுப்பும். டிக்கியில் உள்ள ஜாக்கியையும் வீல் ஸ்பேனரையும் வெளியே எடுத்துவைத்துவிட்டு ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். சைலன்சரைத் தாங்கும் ரப்பர் வளையங்கள், ஷாக் அப்சார்பரின் கீழ்க்கண் புஷ், வளைவில் வண்டி சாய்வதைக் குறைக்கும் ஸ்டெபிலைசர் கம்பியின் லிங்க் இருக்குமாயின் அதன் முனைகள் ஆகியவற்றை அடுத்து ஆட்டிப் பார்க்க வேண்டும்.

பின் டயர்கள் இரண்டிலும் காற்றழுத்தம் சமமாக இருக்கிறதா என்பதையும் இப்போதே சரிபாருங்கள். ஒரு பக்கம் காற்று குறைந்தாலே பின்பக்கம் மிதப்பதுபோல் தோன்றும். அதை ஆர்ம் தேய்மானம் என்று கருதிச் சோதனையைத் தொடர்ந்தால் எல்லா முடிவும் தவறாகும்.

3. ஓட்டிச் சோதித்தல்

முதல் சோதனைக்கு இருபதடி சமதளம் போதும். வண்டியை முதல் கியரில் மெதுவாக நகர்த்திப் பிரேக் பிடியுங்கள். உடனே ரிவர்ஸில் நகர்த்திப் பிரேக் பிடியுங்கள். திசை மாறும் ஒவ்வொரு முறையும் பின்னால் ஒரே ஒரு தடித்த ‘டொம்’ கேட்டால், ஆக்சில் முன்பின்னாக நகர்கிறது, அதாவது கீழ் ஆர்ம் புஷ் தளர்ந்திருக்கிறது என்று சந்தேகிக்கலாம். பிரேக்கைத் தொடாமல் கிளட்ச்சை விடும் கணத்தில் ‘டங்’ என்று கூர்மையான உலோக ஓசை கேட்டால், முதலில், கியர்பாக்ஸிலிருந்து பின் ஆக்சிலுக்கு விசை கொண்டுபோகும் ப்ரொப்பல்லர் ஷாஃப்ட்டின் மூட்டான கிராஸைப் பாருங்கள். இரண்டையும் பிரித்தறியாமல் ஆர்மை மாற்றிவிட்டு ஏமாறுபவர்கள் நிறையப் பேர்.

இரண்டாவது சோதனைக்கு நேரான, போக்குவரத்துக் குறைந்த சாலை வேண்டும். தஞ்சாவூர்–திருச்சி நான்குவழிச் சாலையில் அதிகாலையில் செய்யலாம். எதிரே பேருந்து வந்தால் மண்ணில் இறங்கி ஒதுங்க வேண்டிய ஆற்றங்கரைச் சாலையில் இதைச் செய்யக்கூடாது. மணிக்கு 60 கிலோமீட்டரில் ஸ்டியரிங்கை லேசாகப் பிடித்துக்கொண்டு, ஆக்சிலேட்டரை அழுத்தி விடுங்கள். அழுத்தும்போது வண்டி ஒரு பக்கமும் விடும்போது மறுபக்கமும் மூக்கைத் திருப்பினால், ஒரு பக்கக் கீழ் ஆர்ம் மட்டும் அதிகம் தளர்ந்திருக்கிறது. தளர்ந்த பக்கத்துச் சக்கரம் விசைக்கேற்ப முன்னும் பின்னும் நகர, ஆக்சிலே கோணலாகி வண்டியைத் திருப்புகிறது. ஓட்டுநரோ முன்சக்கர அலைன்மென்ட்டைக் குறை சொல்வார்.

வளைவில் பின்பக்கம் ஒரு கணம் தாமதித்துப் பக்கவாட்டில் சாய்ந்து உட்கார்ந்தால், குறுக்குக் கம்பியின் புஷ்ஷைக் குறித்துவைத்துக்கொள்ளுங்கள். பிரேக்கைச் சடாரென்று பிடிக்கும்போது மட்டும் பின்னால் ஒரு குதிப்பு தெரிந்தால் மேல் ஆர்ம்களைக் குறித்துவைத்துக்கொள்ளுங்கள்.

4. அடியில் படுத்துப் பார்த்தல்

இச்சோதனை நடக்கும்போது வண்டி தன் சக்கரங்களின்மேல் நின்றிருக்க வேண்டும். வாட்டர் சர்வீஸ் செய்யும் இடங்களிலுள்ள ரேம்ப்போ பள்ளமோ இதற்கு ஏற்றது. வண்டியை லிஃப்ட்டில் தூக்கிச் சக்கரங்களைத் தொங்கவிட்டால் புஷ் தன் இயல்பான கோணத்திலிருந்து முறுக்கிக்கொள்ளும். அப்போது நல்ல ரப்பரில்கூட மேல்விரிசல் வாய் பிளந்து தெரியும். அந்தக் காட்சியைக் காட்டியே தேவையில்லாத ஆர்ம்கள் விற்கப்படுகின்றன.

முதலில் சுத்தம் செய்யுங்கள். நம் பகுதியில், ஆர்மின் முனையைப் பிடித்திருக்கும் பிராக்கெட்டுக்குள் வண்டல் களிமண் அடைந்து செங்கல்போல் இறுகியிருக்கும். அறுவடைக் காலத்தில் சாலையில் பரப்பிய வைக்கோல்மேல் ஓடிய வண்டியானால், ஆர்மின் முனைகளில் வைக்கோல் கயிறு திரித்ததுபோல் சுற்றி, உள்ளே ஈரத்தைப் பிடித்து வைத்திருக்கும். இதை நீக்காமல் புஷ்ஷைப் பார்க்க முடியாது. போல்ட் ஏன் துருப்பிடித்தது என்பதற்கான விடையும் பெரும்பாலும் இங்கேதான் கிடைக்கும்.

பிறகு ஒவ்வொரு முனையையும் டார்ச் அடித்துப் பாருங்கள். மேற்பரப்பில் மெல்லிய மயிரிழை விரிசல்கள் இருந்தால் அது வயது மட்டுமே. உள் குழாய்க்கும் ரப்பருக்கும் நடுவே இடைவெளி, புஷ்ஷைச் சுற்றிக் கருந்தூள், பிராக்கெட்டின் உட்பக்கத்தில் உலோகம் உரசிப் பளபளக்கும் பிறைவடிவத் தடம், புஷ்ஷின் மையம் ஆர்மின் கண்ணில் (புஷ் உட்காரும் முனை வளையம்) ஒரு பக்கமாக ஒதுங்கியிருத்தல் ஆகியவற்றில் ஒன்று தென்பட்டாலும் அந்தப் புஷ் முடிந்துவிட்டது.

அடுத்து ஆட்டும் சோதனை. கியரை நியூட்ரலில் வைத்து, ஹேண்ட்பிரேக்கை முழுதாக இழுத்துவிட்டு, ஒருவர் வண்டியின் பின்புறத்தை முன்னும் பின்னும் தள்ளி இழுக்க வேண்டும்; இன்னொருவர் கீழிருந்து புஷ்ஷைக் கவனிக்க வேண்டும். ஹேண்ட்பிரேக் பின்சக்கரங்களைப் பிடித்திருப்பதால் ஆக்சில் நிற்கும், பாடி மட்டும் அசையும். அந்த அசைவு முழுவதும் ஆர்ம்களின் புஷ் வழியாகவே நிகழ்ந்தாக வேண்டும். நல்ல ரப்பர் மெதுவாக இழுபட்டு மெதுவாகத் திரும்பும். கெட்டுப்போனது ஒரே எட்டில் நகர்ந்து முட்டும். முட்டும் கணத்தில் புஷ்மேல் விரலை வைத்திருந்தால், காதுக்கு எட்டாத தட்டுகூட விரலுக்கு எட்டும். விரலை வெளிவிளிம்பில் மட்டும் வையுங்கள். பிராக்கெட்டுக்கும் ஆர்முக்கும் நடுவே நுழைக்காதீர்கள்.

ஐயம் தீராவிட்டால் நெம்புகோலைப் பயன்படுத்தலாம். கோலின் முனை ஆர்மின் இரும்பிலும் பிராக்கெட்டிலும் மட்டும் பட வேண்டும். ரப்பரில் குத்தி நெம்பினால் நீங்களே அதைக் கிழித்துவிடுவீர்கள். ரப்பர் சிறிது வளைவது இயல்பு. அசைவே இருக்கக்கூடாது என்று எதிர்பார்ப்பவர்கள் நல்ல புஷ்ஷையும் கழற்றிப் போடுகிறார்கள்.

கடைசியாக, பின்சக்கர மையத்திலிருந்து முன்சக்கர மையம் வரையுள்ள நீளத்தை இருபுறமும் டேப்பால் அளந்து ஒப்பிடுங்கள். ஸ்டியரிங் நேராக இருக்க வேண்டும். சில மில்லிமீட்டர் வேறுபாடு பொருட்படுத்தத் தக்கதன்று. ஒரு விரல்கடை அளவுக்கு வேறுபட்டால், ஏதோ ஒரு பக்கத்தில் புஷ் தேய்ந்திருக்கிறது, அல்லது ஆர்மோ பிராக்கெட்டோ வளைந்திருக்கிறது.

5. புஷ் மட்டுமா, முழு ஆர்மா

ஆர்ம் நேராக இருந்து, கண்ணின் உட்சுவர் அரிக்காமல் இருந்தால் புஷ் மட்டும் மாற்றலாம். ஆனால் அதற்குப் புஷ்ஷை அழுத்தி ஏற்றும் பிரஸ் வேண்டும், லேத் பட்டறைக்கு ஒரு நடை போக வேண்டும், வண்டி அதுவரை ஸ்டாண்டில் காத்திருக்க வேண்டும். கடலோரத்தில், அதாவது நாகப்பட்டினம், வேளாங்கண்ணி, வேதாரண்யம் பக்கம் நாள்தோறும் ஓடும் வண்டியானால் என் ஆலோசனை முழு ஆர்ம்தான். உப்புக்காற்றில் கண்ணின் சுவர் உள்ளிருந்தே செதில் செதிலாக உரிந்திருக்கும். அதில் புதுப் புஷ்ஷை ஏற்றினால் இறுக்கமாக உட்காராது.

எந்த முடிவானாலும் இடமும் வலமும் சேர்த்தே மாற்றுங்கள். ஒரு பக்கம் விறைப்பாகவும் மறுபக்கம் தளர்வாகவும் இருந்தால், முன்பு சொன்ன ‘மூக்கைத் திருப்பும்’ குறையை நீங்களே உருவாக்கியவர் ஆவீர்கள்.

கடையில் வாங்கும்போது பழையதை எடுத்துச் செல்ல முடியாது, வண்டி அதன்மேல்தான் நிற்கிறது. ஆகவே சேசிஸ் எண்ணைச் சொல்லி வாங்கி, கழற்றியவுடன் மூன்று அளவுகளை ஒப்பிட்டுப் பாருங்கள்: இரு கண்களின் மையங்களுக்கிடையிலான நீளம், உள் குழாயின் நீளம், போல்ட் துளையின் விட்டம். உள் குழாய் ஒரு மில்லிமீட்டர் குட்டையாக இருந்தாலும், பிராக்கெட்டின் இரு காதுகளும் (பக்கத் தகடுகள்) அதை இறுகப் பற்றாது.

யூரித்தேன் புஷ் பற்றி ஒரு வரி: வீட்டு உபயோக வண்டிக்கு வேண்டாம். ஆக்சில் சாயும்போது புஷ் எல்லாத் திசையிலும் வளைந்துகொடுக்க வேண்டும். ரப்பரைவிட விறைப்பான யூரித்தேன் அப்படி வளையாது, அந்த விசை பிராக்கெட்டுக்குப் போகும்.

6. முன்கூட்டித் தேவையானவை

போல்ட்களையும் நட்களையும் ஆர்மோடு சேர்த்தே வாங்கிவிடுங்கள். தானே பூட்டிக்கொள்ளும் நட்களை மறுமுறை பயன்படுத்தக்கூடாது; போல்ட்களில் ஒன்றிரண்டையாவது அறுத்தெடுக்க நேரிடும் என்று வைத்துக்கொண்டால் நடுவழியில் நிற்க மாட்டீர்கள்.

கருவிகளில் முக்கியமானவை: பெரும்பாலும் 17, 19, 22 மி.மீ. சாக்கெட்டுகளும் ரிங் ஸ்பேனர்களும், சாக்கெட்டைத் திருப்பும் நீளமான பவர் பார், இறுக்கத்தை அளந்து காட்டும் டார்க் ரெஞ்ச், டிராலி ஜாக்கி ஒன்று, தூக்கிய வண்டியைத் தாங்கும் ஸ்டாண்ட் இரண்டு, கம்பி பிரஷ், சரக்கு கட்டும் ராட்செட் பெல்ட், இரும்பறுக்கும் பிளேடுகள். வாய் திறந்த (ஓப்பன் எண்ட்) ஸ்பேனரை நம்பி இவ்வேலையில் இறங்க வேண்டாம். துருவேறிய நட்டின் மூலைகளை அது வழித்துவிடும், அதன்பின் எந்தக் கருவியும் பிடிக்காது.

துரு இளக்கும் எண்ணெயை வேலைக்கு முந்திய நாளே ஊற்ற வேண்டும். கம்பி பிரஷ்ஷால் மரையைத் தேய்த்து, காலையில் ஒருமுறை, மாலையில் ஒருமுறை, மறுநாள் தொடங்கும் முன் ஒருமுறை நனைத்துவிடுங்கள். எண்ணெய் மரைக்குள் இறங்க அவகாசம் வேண்டும். ஊற்றிய மறுநிமிடமே ஸ்பேனரைப் போடுபவருக்கு எண்ணெய் செலவுதான் மிச்சம். மாற்றாத புஷ்ஷின் ரப்பர்மேல் எண்ணெய் படாமல் துணி சுற்றிக்கொள்ளுங்கள்.

உயரத்தையும் இப்போதே அளந்துவிட வேண்டும். வண்டி சமதளத்தில், ஆளும் சாமானும் இன்றி, சரியான காற்றழுத்தத்துடன் நிற்கும்போது, பின்சக்கர மையத்திலிருந்து நேர்மேலே மட்கார்டின் விளிம்பு வரையுள்ள தூரத்தை இருபுறமும் அளந்து, கதவோரத்தில் சாக்பீஸால் எழுதிவையுங்கள். இந்த எண் 11ஆம் பகுதியில் தேவைப்படும். தூக்கியபின் அளக்க நினைத்தால் கிடைக்காது.

7. இடமும் தூக்குதலும்

வண்டல் மண்ணில் ஜாக்கி வைக்கக்கூடாது. மேலே காய்ந்து கெட்டியாகத் தெரியும் மண் கீழே பதமாக இருக்கும். வண்டி ஏறியபின் ஜாக்கியின் ஒரு சக்கரம் மட்டும் அமுங்கிச் சாயும். ஊரில் நெல் காயவைக்கும் சிமெண்ட் களம், அறுவடை இல்லாத நாட்களில் கிடைக்குமானால், இவ்வேலைக்கு மிக நல்ல தளம். வாசலில்தான் செய்தாக வேண்டுமென்றால் ஜாக்கிக்கும் ஸ்டாண்டுக்கும் அடியில் அகலமான கனத்த பலகை போடுங்கள். ஐப்பசி, கார்த்திகை மழையில் இந்த வேலையைத் தொடங்காமல் இருப்பதே நல்லது.

பின்சக்கரம் இயக்கும் வண்டியில் ஒன்றை மறக்கக்கூடாது: ஹேண்ட்பிரேக்கும் கியரும் பின்சக்கரங்களை மட்டுமே பிடிக்கின்றன. பின்பக்கத்தைத் தூக்கிய கணமே இரண்டும் பயனற்றுப்போகும். முன்சக்கரங்கள் தம்போக்கில் உருளும். ஆகவே முன்சக்கரங்கள் இரண்டுக்கும் முன்னும் பின்னும் கட்டை கொடுத்த பிறகே ஜாக்கியைத் தொட வேண்டும்.

வீல் நட்களைத் தரையில் இருக்கும்போதே சற்றுத் தளர்த்துங்கள். ஆக்சிலின் நடுவே பருத்திருக்கும் டிஃபரன்ஷியல் ஹவுசிங்குக்கு அடியில் மரத்துண்டு வைத்து ஜாக்கியால் தூக்கி, கீழ் ஆர்மின் சேசிஸ் பிராக்கெட்டுக்கு முன்னால் உள்ள சட்டத்தில் இருபுறமும் ஸ்டாண்ட் கொடுங்கள். பின் ஜாக்கியை மெதுவாக இறக்கி, பாடியின் எடை ஸ்டாண்டிலும் ஆக்சிலின் எடை மட்டும் ஜாக்கியிலும் நிற்கும்படி விடுங்கள். பிரேக் ஹோஸ் இழுபடும் அளவுக்கு ஆக்சிலை இறக்கக்கூடாது. சில வண்டிகளில் சுமைக்கேற்பப் பின்பிரேக்கைக் கட்டுப்படுத்தும் வால்வின் மெல்லிய கம்பி ஒன்று பாடியையும் ஆக்சிலையும் இணைத்திருக்கும். அது வளைந்தால் பிரேக்கின் சமநிலை கெடும்.

8. கீழ் ஆர்மைக் கழற்றி மாட்டுதல்

ஒரு நேரத்தில் ஓர் ஆர்ம் மட்டுமே கழற்ற வேண்டும். இரண்டு கீழ் ஆர்ம்களையும் ஒருசேரக் கழற்றினால், மேல் ஆர்ம்களின் முனையில் தொங்கும் ஆக்சில் தன் போக்கில் சுழன்று நகரும். பிறகு துளைகளை நேராக்க நான்கு பேர் வேண்டியிருக்கும். மற்ற நான்கு உறுப்புகளும் பூட்டியிருக்கும்வரை ஆக்சில் ஏறத்தாழ தன் இடத்திலேயே நிற்கும்.

முதலில் இரு முனைகளின் நட்களையும் எடுங்கள், போல்ட்களை உடனே தட்டி எடுக்காதீர்கள். போல்ட் எந்தப் பக்கமிருந்து நுழைந்திருக்கிறது என்பதைப் பெயிண்டால் குறியுங்கள்; டேங்க் அல்லது குழாய் மறிப்பதால் சில போல்ட்கள் ஒரே திசையில்தான் மீண்டும் நுழையும். பிறகு ஜாக்கியை ஓர் இழை ஏற்றியோ இறக்கியோ, போல்ட் கையால் சுழலும் நிலையைத் தேடுங்கள். எடை தாங்கிக்கொண்டிருக்கும் போல்ட்டைச் சுத்தியால் அடித்தால் மரை நசுங்கும். எடை நீங்கிய போல்ட் தானாகவே நழுவி வரும்.

புது ஆர்மை மாட்டும்போது சேசிஸ் முனையை முதலில் நுழைத்துவிடுங்கள். அது நகராத முனை. ஆக்சில் முனையின் துளை நேராக வராவிட்டால் ஜாக்கியின் உயரத்தை மாற்றிப் பாருங்கள். அப்போதும் சில மில்லிமீட்டர் மீதமிருந்தால் ராட்செட் பெல்ட்டால் ஆக்சிலை இழுத்துக்கொள்ளுங்கள். துளை நேராக இருக்கிறதா என்று விரலை விட்டுப் பார்க்கும் பழக்கம் பட்டறைகளில் உண்டு. ஆக்சில் ஒரு நூல் நகர்ந்தாலும் விரல் துண்டாகும். அதற்கு ஒரு ஸ்க்ரூடிரைவர் போதும்.

போல்ட்டின் வழவழப்பான தண்டில், உள் குழாயைத் தொடும் பகுதியில் மட்டும், மெல்லிய பூச்சாகக் கிரீஸ் தடவுங்கள். அடுத்த முறை அது பிடித்துக்கொள்ளாமல் இருக்க இது உதவும். மரையில் தடவக்கூடாது, கையேட்டில் தரப்படும் முறுக்கு அளவு (டார்க்) பொதுவாக உலர்ந்த மரைக்கானது, கிரீஸ் பட்ட மரை அதே அளவில் மிகையாக இறுகிவிடும்.

நட்டைக் கையால் திருகி, ஆர்ம் இலகுவாக மேலும் கீழும் அசையும் அளவில் நிறுத்துங்கள். இப்போது இறுக்கக்கூடாது.

9. போல்ட் பிடித்துக்கொண்டால்

நட் கழன்றபின்னும் போல்ட் வராதபோது, அதன் தலையில் சாக்கெட்டைப் போட்டுத் திருப்பிப் பாருங்கள். கால் சுற்று திரும்பி, கையை விட்டதும் ஸ்பிரிங்போல் பழைய இடத்துக்கே வந்தால், போல்ட்டின் தண்டு புஷ்ஷின் உள் குழாயோடு துருவால் ஒன்றாகிவிட்டது. நீங்கள் திருப்புவது ரப்பரைத்தான். இதற்குமேல் பவர் பாரில் குழாய் சொருகி இழுப்பதால் தலை முறியுமே தவிரப் போல்ட் வராது.

எண்ணெய் ஊற்றி, இருதிசையிலும் முன்பின்னாகச் சிறிது நேரம் திருப்பிப் பாருங்கள். அசையாவிட்டால் அறுப்பதே வழி. பிராக்கெட்டின் காதுக்கும் உள் குழாயின் விளிம்புக்கும் நடுவே உள்ள மெல்லிய இடுக்கில் இரும்பறுக்கும் பிளேடை நுழைத்து, இருபக்கமும் போல்ட்டை அறுத்தால் ஆர்ம் அப்படியே கீழே இறங்கும். கைப்பிளேடில் நேரம் பிடிக்கும். ஆனால் பிராக்கெட்டில் கீறல் விழாது. கிரைண்டர் போட்டால் வேகம் உண்டு, பொறி பறக்கும் திசையில் டேங்க்கும் எரிபொருள் குழாயும் ஹேண்ட்பிரேக் கேபிளும் உண்டு. அவசியமானால் ஈரச் சாக்கால் அவற்றை மூடி, தீயணைப்பானைக் கைக்கெட்டும் தூரத்தில் வைத்து, ஒருவரைப் பார்வைக்கு நிறுத்திய பிறகே தொடங்குங்கள்.

கேஸ் வைத்துச் சூடாக்குவது பல பட்டறைகளின் முதல் வழி. டேங்க்குக்கு இவ்வளவு அருகே அதைப் பரிந்துரைக்க என்னால் இயலாது.

10. புஷ் மட்டும் மாற்றுவோர் கவனத்துக்கு

பழைய புஷ்ஷைத் தள்ளும் முன், அது கண்ணில் எவ்வளவு ஆழத்தில், எந்தத் திசை நோக்கி உட்கார்ந்திருக்கிறது என்பதைக் குறியுங்கள். சில புஷ்களில் ரப்பரில் வேண்டுமென்றே பிறைவடிவ வெற்றிடங்கள் விடப்பட்டிருக்கும். அவை ஒரு திசையில் மென்மையும் மறுதிசையில் விறைப்பும் தருவதற்காக உள்ளவை. திசை மாறி ஏற்றினால் புதுப் புஷ்ஷே ஓசை எழுப்பும்.

பிரஸ்ஸின் அழுத்தம் வெளிக்குழாயின் விளிம்பில் மட்டும் விழ வேண்டும். வெளிக்குழாயின் விட்டத்துக்குச் சரியான இரும்பு வளையத்தை லேத் பட்டறையில் கடைந்து வாங்கிக்கொள்ளுங்கள். உள் குழாயைத் தள்ளினால் ரப்பர் அதன் ஒட்டிலிருந்து உரிந்துவிடும். வெளியே தெரியாது, ஒரு மாதத்தில் தெரியும். சோப்புத் தண்ணீர் தடவலாம்; டீசலும் இஞ்சின் ஆயிலும் ரப்பரை ஊதவைக்கும். பழைய ரப்பரைத் தீயிட்டு எரித்து எடுப்பது புகையாலும் தீங்கு, இரும்பின் பதத்துக்கும் தீங்கு.

11. இறுதி இறுக்கம்

புதியவர்கள் பெரும்பாலோர் தவறுவது இங்கேதான். ரப்பர் புஷ் பேரிங்போல் சுழல்வதில்லை. உள் குழாய் பிராக்கெட்டின் காதுகளுக்கிடையே அசையாமல் பிடிபட்டிருக்கிறது. வெளிக்குழாய் ஆர்மோடு திரும்புகிறது. இரண்டுக்கும் நடுவே ரப்பர் முறுக்கிக்கொடுக்கிறது. நட்டை எந்த நிலையில் இறுக்குகிறோமோ அந்த நிலையே ரப்பருக்கு ஓய்வுநிலை. ஆக்சில் தொங்கும்போது இறுக்கினால், வண்டியை இறக்கியதும் ஆர்ம் மேலே திரும்ப, ரப்பர் நிற்கும்போதும் ஓடும்போதும் ஈரத்துணியைப் பிழிந்து பிடித்ததுபோல் முறுக்கிலேயே கிடக்கும். பள்ளத்தில் மேலும் முறுக்கினால் கிழியும்.

பட்டறையில் வேலை பழகும் பையன், வண்டி ஸ்டாண்டில் இருக்கும்போதே எல்லா நட்டையும் சுண்டி இறுக்கிவிட்டு, “எல்லாம் டைட்டாயிருச்சுண்ணே” என்று பெருமையோடு வெளியே வருவான். கையில் வலு இருக்கிறது, நேர்த்தி இருக்கிறது. ஒவ்வொரு நட்டையும் மறுபடி தளர்த்தத்தான் வேண்டும்.

சரியான முறை இது. சக்கரங்களை மாட்டி, வண்டியைத் தரையிலோ, சக்கரங்களுக்கு அடியில் அடுக்கிய கனத்த பலகைகளின் மேலோ இறக்குங்கள். பின்புறத்தை நான்கைந்து முறை அழுத்தி விட்டு ஸ்பிரிங்கை அமரவிடுங்கள். சாக்பீஸில் எழுதிய உயரத்தோடு ஒப்பிடுங்கள். பொருந்தினால் அடியில் நுழைந்து இறுக்கலாம். இடம் போதாவிட்டால், ஸ்டாண்டுகளைச் சேசிஸிலிருந்து எடுத்து, ஆக்சில் குழாய்க்கு அடியில் சக்கரத்தை ஒட்டி வையுங்கள். அப்போதும் பாடியின் எடை ஸ்பிரிங் வழியாகவே இறங்குவதால் உயரம் கிட்டத்தட்ட அதேயாக இருக்கும். ஆனால் ஸ்டாண்டில் நிற்கும் வண்டியைக் குலுக்கக்கூடாது.

மேல் ஆர்ம்களையும், வண்டி ஸ்டாண்டில் இருக்கும்போதே, 8ஆம் பகுதியின் முறையில் ஒவ்வொன்றாக மாற்றிக்கொள்ளலாம். டிஃபரன்ஷியலின் முன்மூக்கு சாயாதபடி ஜாக்கி அங்கே தாங்கியிருக்க வேண்டும் என்பது மட்டுமே கூடுதல். குறுக்குக் கம்பியைக் கடைசிக்கு வைத்து, எடை சக்கரத்தில் இறங்கியபின் மாற்றுங்கள். அப்போது ஒருவர் பாடியைத் தோளால் பக்கவாட்டில் தள்ளினாலே துளை நேராகிவிடும்.

முறுக்கு அளவை உங்கள் வண்டியின் சர்வீஸ் கையேட்டிலிருந்து எடுத்து, டார்க் ரெஞ்ச்சால் இறுக்குங்கள். அலகைக் கவனியுங்கள்: 1 கிலோகிராம்-மீட்டர் ஏறத்தாழ 9.8 நியூட்டன்-மீட்டர், 1 அடி-பவுண்ட் ஏறத்தாழ 1.36 நியூட்டன்-மீட்டர். அடி-பவுண்ட் எண்ணை நியூட்டன்-மீட்டராக எண்ணி இறுக்கினால் நட் தளர்வாக நிற்கும்; உள் குழாய் காதுகளுக்கிடையே நழுவத் தொடங்கி, போல்ட் துளையை முட்டைவடிவமாக்கும். முடிந்தவரை நட்டைத் திருப்புங்கள், போல்ட் தலையைப் பிடித்துக்கொள்ளுங்கள். இறுக்கிய ஒவ்வொரு நட்டிலும் பெயிண்டால் ஒரு கோடு இழுத்தால், விடுபட்டது எது என்பது ஒரே பார்வையில் தெரியும்.

12. தனித்தனிச் சஸ்பென்ஷன் உள்ள வண்டிகளில்

ஸ்பிரிங் கீழ் ஆர்மின் மேலேயே உட்கார்ந்திருக்கும் அமைப்பில், அந்த ஆர்மின் வெளிமுனையை ஜாக்கியால் தாங்காமல் போல்ட்டை எடுக்கக்கூடாது. அழுந்திய ஸ்பிரிங் ஆர்மைத் தரையில் அறைந்துவிட்டுத் தானும் தெறிக்கும். கையோ முகமோ அந்த வழியில் இருக்கக்கூடாது.

சில ஆர்ம்களின் உள்முனையில் மையம் விலகிய வட்டத்தட்டுடன் கூடிய போல்ட் இருக்கும். சக்கரத்தின் கோணம் அதைக் கொண்டே அமைக்கப்படுகிறது. தளர்த்தும் முன் தட்டையும் பிராக்கெட்டையும் சேர்த்து ஒரு கோடு கீறுங்கள். அக்கோட்டில் மீண்டும் பொருத்தினாலும் நான்குசக்கர அலைன்மென்ட் கட்டாயம்.

13. வேலைக்குப் பின்

வீல் நட்களைக் குறுக்கும் நெடுக்குமாக இறுக்கி, 3ஆம் பகுதியின் முன்பின் சோதனையை அதே இடத்தில் மீண்டும் செய்யுங்கள். பிறகு 4ஆம் பகுதியில் சொன்ன இருபுற நீளத்தை அளந்து பழைய அளவோடு ஒப்பிடுங்கள். ஒற்றை ஆக்சிலில் சரிசெய்ய ஏதுமில்லை என்றாலும் ஒருமுறை அலைன்மென்ட் கருவியில் ஏற்றிப் பாருங்கள். ஆக்சில் கோணலாக இருந்தால் அது எண்ணில் தெரியும். புது ஆர்மின் நீளம் தவறு என்றோ பிராக்கெட் வளைந்துள்ளது என்றோ அதற்குப் பொருள்.

ஓசை குறைந்து, அழியாமல் மிஞ்சினால் புது ஆர்ம்களை மறுபடி பிரிக்காதீர்கள். சேசிஸ் பக்கத்துத் துளைகள் முன்பே நீள்வட்டமாகியிருக்கின்றனவா, பிராக்கெட்டின் வெல்டிங்கில் விரிசல் ஓடுகிறதா என்று பாருங்கள். அது ஆர்ம் மாற்றித் தீரும் குறையன்று. சேசிஸ் வெல்டிங்கில் கைதேர்ந்தவரிடம் காட்ட வேண்டும்.

முதல் சில நூறு கிலோமீட்டருக்குப் பிறகு எல்லா நட்களையும் டார்க் ரெஞ்ச்சால் ஒருமுறை தொட்டுப் பாருங்கள். அப்போதும் வண்டி சக்கரத்தின்மேல்தான் நிற்க வேண்டும். சேற்றிலோ கடற்கரையிலோ ஓடிவந்த நாளில் பிராக்கெட்டுகளின் உட்பக்கத்தை நல்ல தண்ணீரால் பீய்ச்சிக் கழுவுங்கள். அறுவடை முடிந்த வாரத்தில் அடியில் குனிந்து, சுற்றியிருக்கும் வைக்கோலைக் கத்தியால் அறுத்தெடுத்துவிடுங்கள்.